வட்டக் கதவுக்கு அந்தப் பக்கம்

இது நடந்தது. யாரோ சொல்லி யாரோ கேட்ட சமாச்சாரம் இல்லை. சம்பந்தப்பட்ட இரண்டு பெண்களும் இன்றைக்கும் உயிரோடுதான் இருக்கிறார்கள். அதில் ஒருத்தி மட்டும் இப்போதெல்லாம் குளியலறைக் கதவைத் தாழ் போட்டுக் குளிப்பதில்லை. சிரிக்க நினைப்பவர்கள் இங்கேயே சிரித்துவிடுங்கள். போகப்போகச் சிரிப்பு வராது.

அவர்கள் இருவரும் அண்ணியும் நாத்தனாரும். எலியும் பூனையுமாக இருக்க வேண்டிய உறவு. இவர்களோ நகமும் சதையுமாக இருந்தார்கள். அண்ணிக்கு ரத்தப் பரிசோதனைக்கூடத்தில் வேலை. அழுகிற குழந்தையோ, ஊசியைக் கண்டதும் மயங்கி விழும் முறுக்கு மீசைக்காரரோ, யார் வந்தாலும் ஒரே குத்தில் நரம்பைப் பிடித்துவிடுவாள். பயம் என்பது அடுத்தவர்களுக்கு வருகிற வியாதி என்பது அவள் எண்ணம். நாத்தனாரை எல்லோரும் குருவி என்றுதான் கூப்பிடுவார்கள். வாய் மூடாது. தூக்கத்தில்கூடப் பேசுவாள்.

குருவிக்கு அடுத்த மாதம் கல்யாணம். அதற்கு முன்னால் அண்ணியோடு ஒரு ஊராவது சுற்ற வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்றாள். அண்ணனுக்கு அலுவலக வேலையாக ஒரு துறைமுக நகரத்துக்குப் போக வேண்டியிருந்தது. பெண்கள் இருவரும் ஒட்டிக்கொண்டார்கள். கிளம்பும்போது மாமியார் வாசல்வரை வந்து அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"கல்யாணப் பொண்ணு. கண்ணுக்குள்ள வெச்சுக் கூட்டிட்டு வாம்மா."

"அவளைக் கண்ணுக்குள்ள வெச்சா பேசிப் பேசியே கண்ணு வலி வந்துடும், அத்தை" என்று சிரித்தாள் அண்ணி.

ஊர் திரும்பும் நாளன்று காலையிலிருந்தே விடாத மழை. அண்ணனுக்கு மாலைவரை கூட்டம். அறைக்குள் அடைந்து கிடக்கக் குருவியால் முடியுமா? வரவேற்பறையில் கிடந்த சுற்றுலாத் தாளைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தாள். கடற்படை அருங்காட்சியகம். நிஜமான நீர்மூழ்கிக் கப்பல். ஓய்வு கொடுத்துக் கரையில் நிறுத்தியிருக்கிறார்கள். உள்ளே போய்ப் பார்க்கலாம்.

"பழைய இரும்பைப் பார்க்கவா இவ்வளவு தூரம் வந்தோம்?" என்று முனகிக்கொண்டே அண்ணி குடையை எடுத்தாள்.

அருங்காட்சியகத்தில் கூட்டமே இல்லை. கண்ணாடிப் பெட்டிகளில் தொப்பிகள், பதக்கங்கள், ஆள் உயரத் துடுப்பு, பானை மாதிரி ஒரு பித்தளைக் கவசம். மழைநாளில் காயாத துணி வாசனை. பின்வாசலைத் திறந்தால் திறந்த வெளி. அங்கே, கான்கிரீட் கட்டைகளின் மேல், கரை ஒதுங்கிய திமிங்கிலம் போல அது கிடந்தது. கறுப்பு. நீளம். மழை அதன் முதுகில் வழிந்துகொண்டிருந்தது. அதற்கும் கடலுக்கும் நடுவே ஒரு மதிலும் அகலமான சாலையும் இருந்தன.

வழிகாட்டி பருத்த உடம்புக்காரர். பக்கத்தில் நிற்பவர்களிடமும் ஒலிபெருக்கியில் பேசுவது போலத்தான் பேசுவார். குருவி அப்போதே அவருக்கு 'மைக்' என்று பெயர் வைத்துவிட்டாள்.

"இந்தப் பக்கம் ஏறணும், அந்தப் பக்கம் இறங்கணும்மா. ஒரே குழாய். தொலைஞ்சு போகணும்னு நினைச்சாலும் முடியாது!" என்று முழங்கினார் மைக். "மழை பாருங்க, நான் அந்தக் கடைசிப் படிக்கட்டுல நிக்கறேன். பார்த்துட்டு மெதுவா வாங்க."

உள்ளே இறங்கினார்கள்.

முதலில் மூக்கில் ஏறியது டீசல் நாற்றம். பிறகு இரும்பு. பிறகு, எத்தனையோ பேர் நாள்கணக்கில் குளிக்காமல் படுத்துக் கிடந்த வியர்வை வாசனை. அண்ணிக்கு அது விசித்திரமாகப் பட்டது. ஆள் இல்லாமல் பல வருஷம் ஆன இடத்தில் வியர்வை வாசனை எப்படி நிற்கும்?

இரண்டு பக்கமும் குழாய்கள், திருகிகள், முகம் பார்க்கும் கண்ணாடி அளவுக்கு முள் வைத்த மானிகள். நடக்க ஒரு ஆள் அகலம்தான் வழி. ஒவ்வொரு பகுதிக்கும் நடுவே இரும்புச் சுவர். சுவரில் வட்டமாக ஒரு வாசல், அதற்கு ஒரு இரும்புக் கதவு. ஒரு பகுதியில் தண்ணீர் புகுந்தால் மற்றதைக் காப்பாற்ற அதை மூடிவிடுவார்கள் என்று பலகையில் எழுதியிருந்தது. காலைத் தூக்கி, தலையைக் குனிந்து, உடம்பை மடித்துத்தான் நுழைய வேண்டும்.

"இதுக்குள்ள எப்படி அண்ணி மாசக்கணக்கா இருந்திருப்பாங்க? நான்னா ஒரே நாள்ல பைத்தியமாயிடுவேன்."

"நீ பைத்தியமாக மாட்டே. உன் பேச்சைக் கேட்டு மத்தவங்க ஆயிடுவாங்க."

மூன்றடுக்குப் படுக்கைகள் வந்தன. பலகை அகலம்தான் ஒவ்வொன்றும். மேலே விரித்திருந்த பழுப்புத் துணி எல்லாம் சுருக்கமில்லாமல் இருந்தது. கீழ்ப் படுக்கையில் மட்டும் தலையணை நடுவில் குழிந்திருந்தது. அண்ணி தொட்டுப் பார்த்தாள்.

ஈரம்.

மழை எங்காவது ஒழுகும் என்று அண்ணாந்து பார்த்தாள். மேலே சொட்டுத் தண்ணீர் இல்லை.

"அண்ணி, இங்க பாருங்களேன்." குருவி ஒரு மானியின் முன் நின்றிருந்தாள். "இது ஆழம் காட்டுறதுதானே?"

"ஆமா. எழுதியிருக்கே."

"நாம தரையிலதானே நிக்கிறோம்?"

முள் பூஜ்யத்தில் இல்லை. கொஞ்சம் தள்ளி நின்று நடுங்கிக்கொண்டிருந்தது.

"பழசு. கெட்டுப் போயிருக்கும். நட."

நடந்தார்கள். அண்ணியின் காது அடைத்துக்கொண்டது. மலைப்பாதையில் பேருந்து ஏறும்போது அடைக்குமே, அப்படி. எச்சில் விழுங்கினாள். விடவில்லை. திரும்பி அந்த மானியைப் பார்த்தாள்.

முள் பாதி வட்டம் தாண்டியிருந்தது.

"குருவி, போதும்டி. வா, திரும்பிடலாம்."

"கடைசிக்கு வந்தாச்சு அண்ணி. இந்த ஒண்ணுதான்." சொல்லிக்கொண்டே குருவி அடுத்த வட்ட வாசலில் காலைத் தூக்கி வைத்தாள். குனிந்தாள். அந்தப் பக்கம் போனாள். அவள் துப்பட்டாவின் நுனி ஒரு கணம் விளிம்பில் தொங்கியது. பிறகு அதுவும் போய்விட்டது.

விளக்கு அணைந்தது.

அதே நொடியில், எதிரே... டணார்!

இரும்போடு இரும்பு மோதிய சத்தம். அண்ணியின் பல்லில் அதிர்ந்தது.

"குருவி?"

கையை நீட்டினாள். திறந்திருந்த வாசல் எங்கே? கைக்கு வந்தது குளிர்ந்த இரும்பு. வட்டமான இரும்பு. நடுவில் ஒரு சக்கரம்.

கதவு மூடியிருந்தது.

கைப்பையில் துழாவி போனை எடுத்தாள். திரை எரியவே இல்லை. அப்போது கேட்டது.

தட்... தட்... தட்...

"அண்ணி..." கதவுக்கு அந்தப் பக்கம், கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல. "அண்ணி, கதவு மூடிக்கிச்சு."

"பயப்படாத. கரண்ட் போயிருக்கு. இந்தோ திறக்கறேன்."

சக்கரத்தைப் பிடித்துத் திருப்பினாள். அசையவில்லை. உடம்பு முழுவதையும் சாய்த்தாள். ம்ஹூம்.

"அண்ணி, கால்ல தண்ணி."

"என்னது?"

"தண்ணி அண்ணி. கீழேர்ந்து வருது. ஜில்லுனு வருது..."

"கரையில ஏதுடி தண்ணி! மழைத் தண்ணியா இருக்கும். ஓரமா நில்லு!"

"முழங்கால் வந்துடுச்சு அண்ணி!"

அண்ணி கத்தினாள். மைக்கைக் கூப்பிட்டாள். யாரையெல்லாமோ கூப்பிட்டாள். குரல் இரும்பில் மோதித் தன் மேலேயே வந்து விழுந்தது. வந்த வழியே ஓடி ஆள் கூட்டி வரலாமா? ஒரு அடி எடுத்து வைத்தாள்.

"போகாதீங்க அண்ணி! இடுப்பு... இடுப்பு வந்துடுச்சு!"

திரும்பி வந்து சக்கரத்தில் தொங்கினாள். உள்ளங்கைத் தோல் வழன்றது. ரத்தம் பிசுபிசுத்தது. செருப்பைக் கழற்றி அடித்தாள். முட்டியால் இடித்தாள். கடவுளே, என்னை எடுத்துக்கோ, அவளை விட்டுடு. அடுத்த மாசம் கல்யாணம். கண்ணுக்குள்ள வெச்சுக் கூட்டிட்டு வான்னு சொன்னாங்களே. நான் என்ன பதில் சொல்லுவேன்?

"மூச்சு முட்டுது... அண்ணி..."

"தலையை மேல தூக்கு! எக்கி நில்லுடி! குருவி, பேசு! பேசிக்கிட்டே இரு!"

தட்... தட்...

வாழ்க்கையில் முதல் தடவையாக அண்ணி அவளைப் பேசச் சொல்லிக் கெஞ்சினாள். முதல் தடவையாகக் குருவி பேசவில்லை.

அப்போதுதான்...

அண்ணியின் தோளுக்குப் பின்னால் யாரோ மூச்சு விட்டார்கள்.

கனத்த மூச்சு. ஆண் மூச்சு.

இரண்டு கைகள் பின்னாலிருந்து வந்து அவள் கைகளின் மேல் படிந்தன. ஈரச் சட்டைக் கைகள். பெரிய உள்ளங்கைகள்.

"சார்! வந்துட்டீங்களா? புடிங்க சார்! சுத்துங்க!"

அவர் பேசவில்லை. சுற்றினார்.

சக்கரம் அசைந்தது.

அண்ணிக்கு உயிர் வந்தது. "அப்படித்தான் சார்! இன்னும்! இன்னும்!" அவர் இழுத்த பக்கமே அவளும் இழுத்தாள். கிரீச்... கிரீச்... எந்தப் பக்கம் சுற்றுகிறது என்று அந்த இருட்டில் யார் பார்த்தார்கள்? அசைகிறதே, அது போதாதா?

கதவுக்கு அந்தப் பக்கம் தட்டும் சத்தம் வேகமானது.

ஒரு கை தட்டும் சத்தம் இல்லை அது.

பல கைகள்.

அண்ணியின் விரல்கள் ஒரு நாளைக்கு நூறு கைகளைத் தொட்டு நரம்பு தேடிப் பழகியவை. அவள் கேட்காமலே அவை தம் வேலையைச் செய்தன. அவள் கை மேல் அழுந்தியிருந்த அந்த மணிக்கட்டில்...

நாடி இல்லை.

காதோரம் ஒரு குரல் விம்மியது.

"மன்னிச்சிருங்கடா..."

கிரீச்... டக்.

சக்கரம் நின்றது.

தட்டும் சத்தமும் நின்றது.

எல்லாமே நின்றது.

பளிச்சென்று விளக்கு வந்தது.

அண்ணியின் பின்னால் யாரும் இல்லை. அவள் எதிரே வட்ட வாசல் அகலத் திறந்திருந்தது. கதவு பக்கச் சுவரோடு சாய்ந்து, தடித்த சங்கிலியால் கட்டப்பட்டிருந்தது. சங்கிலியையும் சுவரையும் சேர்த்தே சாயம் பூசியிருந்தார்கள். அண்ணி இரண்டு கைகளாலும் அந்தக் கதவின் சக்கரத்தைத்தான் பிடித்துக்கொண்டிருந்தாள்.

வாசலுக்கு அந்தப் பக்கம், இரும்புத் தரையில் குருவி உட்கார்ந்திருந்தாள். கண் திறந்திருந்தது. மூச்சு இருந்தது.

தரை காய்ந்து கிடந்தது.

குருவி மட்டும் கழுத்துவரை நனைந்திருந்தாள். அண்ணி பாய்ந்து அவளைக் கட்டிக்கொண்டாள். முகத்தில், நெற்றியில், ஈரக் கழுத்தில் மாற்றி மாற்றி முத்தம் கொடுத்தாள். உதட்டில் உப்புக் கரித்தது.

மைக் ஓடி வந்தார். "என்னம்மா ஆச்சு? ஒரு நிமிஷம்தானே கரண்ட் போச்சு?" என்று ஆரம்பித்தவர் குருவியைப் பார்த்தார். பிறகு கதவைப் பார்த்தார். சாயம் பூசி இறுகிப் போயிருந்த சக்கரத்தைச் சுற்றிலும் சாயம் வெடித்து உதிர்ந்திருந்தது. அதன் மேல் அண்ணியின் ரத்தம்.

கதவின் விளிம்பைச் சுற்றி, விரல் விரலாக, இரும்புத் தாழ்கள் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன.

"இதை யாரும்மா பூட்டினது?"

"பூட்டலை. திறந்தோம்... நானும்... நீங்களும்..."

"நான் படிக்கட்டைவிட்டு நகரவே இல்லைம்மா." அவர் தாழ் ஒன்றைத் தொட்டுப் பார்த்தார். "இது எப்பவும் திறந்த மேனிக்குத்தான் இருக்கும். தாழெல்லாம் உள்ள போயிருக்கும். நாலு ஆள் சேர்ந்தும் இந்தச் சக்கரத்தை அசைக்க முடிஞ்சதில்லை."

"இந்தக் கப்பல்ல யார் செத்தாங்க? சொல்லுங்க."

"யாரும் சாகலைம்மா. சத்தியமா. இத்தனை வருஷம் ஓடி, ஒரு உயிர்ச்சேதம்கூட இல்லாத கப்பல் இது." அதுவரை முழங்கிக்கொண்டிருந்த மனிதரின் குரல் கிசுகிசுப்பாகிவிட்டது. "ஆனா இந்தக் கதவு இதோடது இல்லை. இங்க காட்சிக்கு வைக்கும்போது ஒரு கதவு குறைஞ்சுது. வேற ஒரு கப்பல்லேர்ந்து கழட்டிட்டு வந்து மாட்டினாங்க. கடல்ல முழுகிப் போய், அடியிலேர்ந்து தூக்கின கப்பல் அது."

"அதுல எத்தனை பேர்?"

அவர் குருவியைத் தூக்க ஒரு கை கொடுத்தார். வெளியே வரும்வரை கதவுப் பக்கம் திரும்பவே இல்லை.

அண்ணனிடம் மழையில் நனைந்துவிட்டதாகச் சொன்னார்கள். ரயிலில் குருவி ஜன்னலோரம் உட்கார்ந்து வந்தாள். ஊர் வரும்வரை ஒரு வார்த்தை பேசவில்லை. மாமியார்கூடக் கேட்டார், "என்னடி, உன் வாயை அங்கேயே விட்டுட்டு வந்துட்டியா?" என்று.

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. குருவி முதல் தடவை பிறந்த வீட்டுக்கு வந்தபோது, சமையலறையில் இருவரும் தனியாக இருந்த நேரம் பார்த்து அண்ணி கேட்டுவிட்டாள். அத்தனை நாளும் தொண்டையில் முள்ளாக இருந்தது அது.

"குருவி, நான் திறக்கத்தான் பார்த்தேன். அது உனக்குத் தெரியும்ல?"

"தெரியும் அண்ணி." குருவி நிமிரவில்லை. வெங்காயத்தின் தோலை உரித்துக்கொண்டே இருந்தாள். "ஆனா நான் அங்க தனியா இல்லை. இருட்டுல சுத்திலும் ஆளுங்க இருந்தாங்க. என்னை மாதிரியே கழுத்துவரைக்கும் தண்ணியில. நான் தட்டினா அவங்களும் தட்டினாங்க."

அண்ணியின் கையிலிருந்த கரண்டி நின்றது.

"அப்பத்தான் சக்கரம் சுத்துற சத்தம் கேட்டுச்சு. எனக்கு அவ்வளவு சந்தோஷம் அண்ணி. எங்க அண்ணி திறக்கறாங்க, எல்லாரும் போயிடலாம்னு கத்தினேன். பக்கத்துல இருந்தவர் என் கையைப் புடிச்சுக்கிட்டார்..."

குருவி இப்போதுதான் அண்ணியைப் பார்த்தாள்.

"'இல்லம்மா'ன்னார். 'எங்களுக்கு இந்தச் சத்தம் தெரியும். இது மூடுற சத்தம்'னார்."