கற்பூரம் மணத்த படச்சுருள்

எனக்கு நெருப்பென்றால் முன்பு பயமில்லை. அந்தப் பயம் கனடாவின் மொன்றியலில், டவுன்டவுனில் ஒரு பழைய கட்டிடத்தின் நிலவறையில்தான் என்னைப் பிடித்தது. இரண்டாயிரத்துச் சொச்சத்தில் அங்கே எனக்கு வேலை. பழைய சினிமாப் படச்சுருள்களைத் துடைத்து, கிழிசலை ஒட்டி, நகலெடுக்கக் கொடுக்க வேண்டும்.

இருந்ததே இரண்டு பேர். மற்றவர் என் மேலாளர், கியூபெக்காரி. சினிமா பிறந்த காலத்துப் பிரெஞ்சு இயக்குநர் ஒருவரின் படங்களைத் தேடித் தேடியே தலை நரைத்தவர். அந்த மனுசன் வாரத்துக்கொரு படம் எடுத்தாராம். தானே எழுதி, தானே நடித்து, ஊரையே சிரிக்க வைத்தாராம். பிறகு யுத்தம் வந்தது, சனத்தின் ரசனை மாறியது, கம்பனி மூழ்கியது. சுருளிலிருக்கும் வெள்ளிக்காகப் படங்களை உருக்க விற்றுவிட்டார்கள். கடைசியில் அவர் இன்னொருவருடைய தியேட்டர் வாசலில் நின்று டிக்கெட் கிழித்தாராம். மிஞ்சியது ஒரேயொரு சுருள். அது ஒரு தேவாலயத்தின் பழைய பெட்டிக்குள் கிடைத்து எங்களிடம் வந்தது.

அன்று காலை மேலாளர் அதை என் மேசையில் வைத்தார்.

"இது பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும். வேறு பிரதி கிடையாது. கவனம்" என்று பிரெஞ்சில் சொல்லிவிட்டு மேலே போனார். சிகரெட்டைத்தான் சொல்கிறார் என்று நினைத்தேன். சாமிக்குக் கொளுத்துவதை எங்கள் வீட்டில் யார் நெருப்பென்று கணக்கெடுத்தார்கள்?

அன்று ஆயுத பூசை. படம் துடைக்கிற புது மெசின் வந்திருக்கிறது என்று அம்மாவிடம் வாயை விட்டிருந்தேன். காலையில் என் பைக்குள் கற்பூரமும் குங்குமமும் நெருப்புப்பெட்டியும் வைத்து, "தொட முதல் ஒரு கட்டி கொளுத்து பிள்ளை. சும்மா தொடங்காதை" என்றிருந்தா.

தகரப்பெட்டியைத் திறந்தேன். கற்பூரம் மணத்தது. சத்தியமாக, சுருளிலிருந்துதான். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. கடவுளே சம்மதம் சொல்லிவிட்டார் என்று நம்பி, சுருளை மெசினில் மாட்டி, குங்குமம் வைத்து, கோப்பித் தட்டில் கற்பூரத்தைக் கொளுத்தினேன்.

கண்ணை மூடிக் கும்பிட்டேன். திறந்தபோது மின்விசிறிக் காற்றில் படத்தின் நுனி எழும்பி, சுவாலைக்கு மேலே ஆடிக்கொண்டிருந்தது. ஒரு விரலகலம் இருக்கும். தண்ணீருக்குள்ளும் எரியும் என்பது அப்போதுதான் மண்டையில் ஏறியது. உள்ளங்கையால் அப்படியே நெருப்பை அமத்தினேன்.

தட்டை ஒளிக்கவும் மேலாளர் வரவும் சரியாக இருந்தது. அவர் மூக்கை உறிஞ்சினார். முகம் வெளுத்தது.

"கற்பூரம் இப்படி மணக்கிறதே. சூடாகிவிட்டதா?" சுருளைக் கைகளால் தடவிப் பார்த்தார். அந்தக் காலத்துப் படச்சுருளைக் கற்பூரம் கலந்துதான் செய்வார்களாம், சூடேறினால் மணக்குமாம். அன்றுதான் எனக்குத் தெரியும். நான் கையை முதுகுக்குப் பின்னால் பொத்திக்கொண்டு, "இல்லை, நல்லாத்தான் இருக்கு" என்றேன்.

பின்னேரம் அம்மா கேட்டா, "கொளுத்தினனியே பிள்ளை?"

"ஓம் அம்மா."

பத்து நாளில் நகல் வந்தது. அதுவரை சுட்ட கையை வேலைக் கையுறைக்குள் மறைத்துக்கொண்டேன். சின்னத் திரையில் போட்டோம். அந்த இயக்குநர் நாற்காலியிலிருந்து விழுந்தார், எழும்பினார், எங்களைப் பார்த்துத் தொப்பியைக் கழற்றி வணங்கினார். நாலு நிமிடம். ஒரு மனுசனின் தொழில் முழுக்க அவ்வளவுதான் மிச்சம். மேலாளர் அழுதுகொண்டே கைதட்டினார்.

"நீங்கள் ஏன் தட்டவில்லை?" என்று கேட்டார்.

கட்டுப் போட்ட கையைக் காட்டி, சமைக்கும்போது சுட்டது என்றேன்.