உறுமி மட்டும் பத்திரமாக இருக்கிறதாம்

நம் மலேசியத் தோட்டத்துப் பாரம்பரியத்தைப் படம் எடுக்கிற தம்பி இன்று பெம்பான் ஊரில் உள்ள என் வீட்டுக்கு வந்தார். போன வருடக் கோயில் திருவிழாவில் என் வீட்டுக்காரர் உறுமி அடித்ததை எடுத்தவர். இப்போது வீட்டுக்காரர் இல்லை.

“தம்பி, அன்னிக்கு அவரு பேசினதப் போடுங்க. குரலக் கேக்கணும்.”

“அத அழிச்சிட்டேன்க்கா. தேத்தண்ணியில சீனி பத்தலன்னு உங்கள ஏசிக்கிட்டே இருந்தாரு. அதுல பாரம்பரியம் ஒண்ணும் இல்ல லா. உறுமி பத்திரமா இருக்கு.”

கல்யாணமான நாளிலிருந்து எங்கள் வீட்டில் தவறாமல் நடந்தது அந்த ஏச்சு ஒன்றுதான்.

தம்பிக்குத் தேத்தண்ணி கொடுத்தேன். சீனி சரியாக இருக்கிறது என்றார்.

நம் தோட்டத்து ஆட்களே, உங்கள் போனில் என் வீட்டுக்காரர் பேசியது இருந்தால் அனுப்புங்கள். உங்களை ஏசியதாக இருந்தாலும் பரவாயில்லை.