எனக்குப் பிடித்த உணவு

இன்று கேளம்பாக்கம் பிரௌசிங் சென்டரில் என் மெயிலுக்குப் புது பாஸ்வேர்டு போட்டேன். கணவர் நாற்காலியை இழுத்துப் போட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டார்.

"எனுக்குத் தெரியாம உனுக்கு இன்னாத்துக்கு பாஸ்வேர்டு?"

பாஸ்வேர்டு மறந்துபோனால் கேட்பதற்காக ஒரு கேள்வி வந்தது: உங்களுக்கு மிகவும் பிடித்த உணவு எது?

நான் கை வைப்பதற்குள் அவரே தட்டிவிட்டார்: கருவாட்டுக் குழம்பு.

"அது உங்களுக்குப் புடிச்சது."

"வாராவாரம் நீதான ஆக்குற?"

செல்போன் அடித்து அவர் வெளியே போனதும் பாஸ்வேர்டையும் அந்தப் பதிலையும் மாற்றினேன். இனி நாள் முழுக்க முயன்றாலும் அவரால் திறக்க முடியாது. கல்யாணமான நாளிலிருந்து எனக்கு என்ன பிடிக்கும் என்று அவர் கேட்டதே இல்லை.

தோழிகளே, உங்களுக்குப் பிடித்ததை இந்தப் பதிவின் கீழே தைரியமாக எழுதுங்கள். வீட்டில்தான் யாரும் கேட்கப்போவதில்லையே.