கைப்பிடி நிற்கும்வரை

தண்ணீரில் துரியாவுக்குத் தெரியாத ஒரே வேலை, சாவது. பசிபிக் கடலின் தூவாமோத்துத் தீவுகளில் முத்துக்குளிக்கிற குடும்பம் அவளுடையது. நடக்கப் பழகுமுன்னே மூழ்கப் பழகியவள். அவளைப் போய் மூழ்கிச் சாகச் சொன்னார்கள், படத்துக்காக.

பேசாத படம்தான், அப்போது பேசுகிற படம் ஏது? தீவுப் பெண் ஒரு வெளியூர்க்காரனைக் காதலிக்கிறாள். அவன் கப்பலேறிவிடுகிறான். இவள் காயலில் விழுந்து உயிரை விடுகிறாள்.

“ஒருத்தன் போனதுக்கா? அப்புறம் மறுநாள் மீன் யாரு பிடிப்பா?” என்றாள் துரியா.

சித்தி பஹியா விடவில்லை. “உன் ஆளும் நாளைக்குக் கப்பலேறுறான்டி. அப்பப் பார்க்கிறேன் இந்த வாயை.”

ஆள் என்றது எமிலை. டென்மார்க்கிலிருந்து வந்து கேமராவின் கைப்பிடியைச் சுற்றுகிறவன். தேங்காய் உரிக்கப் போய்க் கையைக் கிழித்துக்கொண்டு, அவள் சிரித்தால் அதுவே போதும் என்று நிற்பவன். இருப்பேன் என்றும் சொல்லவில்லை, போவேன் என்றும் சொல்லவில்லை. வாய்விட்டுக் கேட்க அவளுக்குக் கௌரவம் இடம் தரவில்லை.

படகில் வைத்து இயக்குநர் அவளிடம், “கைப்பிடி நிக்கிற வரைக்கும் மேல வராதே” என்றார். எமிலிடம் திரும்பி, “அவ மேல வர்ற வரைக்கும் நிறுத்தாதே” என்றார். ஒருவருக்காக ஒருவர் காத்திருந்தால் இரண்டுமே நடக்காது என்பது சொன்னவருக்கு உறைக்கவில்லை. அவளுக்கு உறைத்தது. அவன் நிறுத்துகிறானா, பார்க்கலாம் என்று நினைத்துக்கொண்டாள்.

குதித்தாள். யார் கண்ணிலும் படாமல் படகுக்கு அடியில் போய்ப் பலகையில் காதை வைத்தாள். கரகரவென்று கைப்பிடி சுற்றிக்கொண்டிருந்தது. சுற்றட்டும். அவள் மூச்சுக்கு இது ஒரு பொருட்டா?

கரகர. இன்னும் கரகர. நெஞ்சு முட்டத் தொடங்கியது. படகின் மறுபக்கமாக எழுந்து மூச்சு விட்டிருக்கலாம், விடவில்லை. படம் பெரிதா, நான் பெரிதா? நிறுத்துடா, பாவி.

நின்றது. நின்ற கையோடு பூட்ஸும் சட்டையுமாக ஓர் உருவம் தண்ணீரில் விழுந்து, நேராக அடியை நோக்கி இறங்கியது. நீச்சல் தெரியாத ஜென்மம்! காலரைப் பிடித்து மேலே இழுத்து வந்து, முத்துக்குளிப்பவர்கள் விடுவதுபோல நீண்ட சீழ்க்கையாக மூச்சை விட்டாள்.

“யாரு நிறுத்தச் சொன்னது!” இயக்குநர் படகிலிருந்து கத்தினார்.

“நீச்சல் தெரியாம எதுக்குடா குதிச்சே?” என்றாள் துரியா.

எமில் இருமினான். “யோசிக்கல.”

“நாளைக்குக் கப்பலேறுறதுக்கு முன்னாடியாவது யோசி.”

“பூட்ஸ் ஒண்ணு அடியில போயிடுச்சு. ஒத்தை பூட்ஸோட எப்படிப் போறது?”

இரண்டு வருஷம் கழித்துப் படம் பப்பேத்தே நகரத்துக்கு வந்தபோது, கடைசியில் வெறும் நீர்க்குமிழிகள். சட்டென்று திரை இருண்டது. கொட்டகை மொத்தமும் அழுதது. துரியா மட்டும் மடியில் இருந்த பிள்ளையிடம் இருட்டைக் காட்டினாள்.

“இதோ, இங்கதான்டா உங்கப்பன் குதிச்சான்.”