பிந்தி வந்த பால் கூப்பன்கள்

அரசாங்கம் கர்ப்பிணிகளுக்குக் கொடுக்கும் பாலும் முட்டையும் எனக்கு ஏன் நேரத்துக்கு வரவில்லை என்று கேட்டால், முன்பெல்லாம் தபாலைத் திட்டுவேன். இல்லாவிட்டால் மொன்றியல் பனியை. அதுவும் இல்லாவிட்டால் வெள்ளைக்காரரின் கடதாசிப் பைத்தியத்தை. என்னைத் திட்ட எனக்குப் பல வருடங்கள் பிடித்தன.

இரண்டாயிரமாம் ஆண்டு கழிந்து இரண்டு மூன்று வருடங்கள் இருக்கும். செயின்ட்-மிஷேலில், வெளிப்படிக்கட்டு வைத்த ஒரு மூன்றாம் மாடி வீட்டில் இருந்தோம். கணவர் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவினார். குளிர்காலத்தில் சாப்பிட வருகிற ஆட்கள் குறைய, வாரத்தில் மூன்று நாள்தான் வேலை. நான் அப்போது மூன்று மாதம். இரத்தம் போதாது என்று எங்கள் பகுதிச் சுகாதார நிலையத்துத் தாதி சொன்னார். என்னைப் போன்றவர்களுக்கு நாளொன்றுக்கு ஒரு லீற்றர் பால், ஒரு முட்டை, தோடம்பழச் சாறு எடுக்கக் கூப்பன் தருவார்களாம். பிள்ளை பிறக்கும்வரை தபாலில் வரும், கடையில் கொடுத்தால் போதும்.

அதற்கு முந்தைய வருடம்தான் என் முதல் பிள்ளை நான்காம் மாதத்தில் தங்காமல் போனது. அந்த முறை, நாள் தள்ளிப்போன கையோடு, தேவாலயத்தில் ஞாயிறு தமிழ்ப் பூசை முடிந்து எல்லோரும் தேநீர் குடிக்கும்போது நானே வாய் நிறையச் சொல்லித் திரிந்தேன். பிறகு அதே ஆட்கள் என்னைப் பார்த்து உச்சுக் கொட்டினார்கள். நாவூறுதான் என்று முடிவு கட்டிவிட்டேன். கத்தோலிக்கருக்கு நாவூறு கிடையாது என்று சுவாமியார் சொல்லலாம். அவருக்கென்ன, அவரா பிள்ளை பெற்றார்? இந்த முறை ஈ காக்கைக்கும் தெரியக்கூடாது என்று கணவரிடம் சத்தியம் வாங்கினேன்.

தாதிக்குத் தெரிந்தது ஃபிரெஞ்சும் கொஞ்சம் ஆங்கிலமும். தமிழ் மொழிபெயர்ப்பாளர் பக்கத்து அறையில் இருக்கிறார், கூப்பிடட்டுமா என்று கேட்டார். எட்டிப் பார்த்தேன். எங்கள் பூசையில் முதல் வாங்கிலில் இருக்கும் அக்கா. வேண்டாம், எனக்கு ஆங்கிலம் நன்றாக விளங்கும் என்று சொல்லிவிட்டேன். என் ஆங்கிலம் பாண் வாங்கப் போதும், அவ்வளவுதான்.

தாதி படிவத்தை நிரப்பினார், நான் எல்லாவற்றுக்கும் தலையாட்டினேன். கடைசியில் இன்னொரு தாளைத் தந்து ஏதோ விளக்கினார். விண்ணப்பித்ததற்கு ரசீது என்று நினைத்தேன். அரசாங்கத் தாள் என்றால் எங்கள் வீட்டில் அதற்கு ஒரே இடம்தான், கடவுச்சீட்டுகள் இருக்கும் சூட்கேஸ். அதற்குள் வைத்துப் பூட்டினேன். கணவர் தன் சம்பள விவரத்தை எழுதி, கையெழுத்து வைத்து, இரண்டு கிழமைக்குள் திருப்பிக் கொடுக்கவேண்டிய தாள் அது. நான் அவருக்கு அதைக் காட்டவே இல்லை.

பிறகு காத்திருந்தேன். தினமும் வழுக்குகிற படிகளில் கைபிடியைப் பற்றிக்கொண்டு இறங்கித் தபால்பெட்டியைத் திறப்பேன். பீட்சாக் கடைக்காரன் மட்டும் என்னை மறக்காமல் விளம்பரம் போட்டுக்கொண்டிருந்தான்.

"அந்த அக்காவிட்ட ஒருக்காக் கேளுமன்," என்றார் கணவர்.

"கேட்டா, பூசை முடியமுதல் முழுச் சனத்துக்கும் தெரிஞ்சிடும். பேந்து பாப்பம்."

அவர் மூலையிலிருந்த டெப்பனர் என்கிற சில்லறைக் கடையில் சின்னப் பால் பெட்டி ஒன்று வாங்கி வருவார். எல்லாவற்றையும் எனக்கு ஊற்றிவிட்டு, தான் வெறுந்தேநீர் குடிப்பார். ஐந்தாம் மாதம் தாண்டட்டும், பிறகு சொல்லலாம் என்றேன். தாண்டியதும் ஏழாம் மாதம் தாண்டட்டும் என்றேன். தடித்த குளிர்ச்சட்டை வயிற்றை மறைத்தது. பிறகு இடுப்பு நோ என்று சாட்டுச் சொல்லி, பூசைக்குப் போவதையும் நிறுத்தினேன்.

ஆறாம் மாதக் கடைசியில் கணவர் பொறுக்கமாட்டாமல், சமையலறையில் பொறுக்கிய ஃபிரெஞ்சோடு தானே சுகாதார நிலையத்துக்குப் போனார். திரும்பி வந்து சூட்கேஸைத் திறந்து, அந்தத் தாளை எடுத்து நிரப்பி, அன்றைக்கே கொண்டுபோய்க் கொடுத்தார். அந்தத் தாள் போய்ச் சேருகிற நாளிலிருந்துதான் கணக்காம். போன மாதங்களுக்குத் தரமாட்டார்களாம். பார்த்து முடிக்க ஐந்தாறு கிழமை செல்லுமாம். அவர் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நானும் திருப்பித் திட்டியிருப்பேன், கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

ஏழாம் மாதத்தில் ஒருநாள் காலையிலிருந்து பிள்ளை அசையவில்லை. ஆஸ்பத்திரியில் உயிரில்லாமல் எடுத்தார்கள். பெண்பிள்ளை. தொப்புள்கொடி சுற்றியிருந்தது, சாப்பாட்டால் வந்ததில்லை என்று டொக்டர் இரண்டு தரம் சொன்னார். நான் நம்பவில்லை. இன்றைக்கும் பாதிதான் நம்புகிறேன்.

வீட்டுக்கு வந்த எட்டாம் நாள் கூப்பன்கள் வந்தன. தடித்த உறை. ஒவ்வொன்றிலும் பால் பெட்டியின் படம். எனக்கு மார்பு கட்டிப் பால் வடிந்துகொண்டிருந்த கிழமை அது, துவாயால் இறுக்கிக் கட்டியிருந்தேன். கணவர் கிழிக்கப் போனார், நான் விடவில்லை. பிள்ளைக்கென்று வந்தது, பிள்ளை இல்லை, திருப்பிக் கொடுக்கவேண்டும் என்றேன்.

கூப்பன்களோடு சுகாதார நிலையத்துக்குப் போனேன். நடந்தது தெரியாத தாதி என் குளிர்ச்சட்டையைப் பார்த்துச் சிரித்து, எத்தனையாவது கிழமை என்று கேட்டார். எனக்கு ஆங்கிலத்தில் ஒரு சொல்லும் வரவில்லை. அந்த அக்காவைக் கூப்பிடச் சொன்னேன்.

அக்கா வந்து பக்கத்தில் இருந்தார். "சொல்லும் பிள்ளை," என்றார். சொன்னேன். என் கையைப் பிடித்தபடி அவர் அதை ஃபிரெஞ்சில் சொன்னார். தாதி கூப்பன்களை வாங்கி மேசை லாச்சிக்குள் வைத்தார், நிமிரவில்லை.

வெளியே வந்ததும் அக்கா, "இஞ்ச கேக்கிறதை நான் இந்தக் கதவுக்கு அங்கால கொண்டுபோறேல்ல. ஒருநாளும் இல்லை," என்றார்.

"ஓம் அக்கா," என்றேன். அதையும் நம்பவில்லை.

அடுத்த மாதம் பூசைக்குப் போனேன். திரும்பிப் பார்ப்பார்கள், உச்சுக் கொட்டுவார்கள் என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். ஒருவரும் திரும்பவில்லை. அக்கா சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருந்தார். பூசை முடிந்து தேநீர் ஊற்றிக்கொண்டிருந்த ஒரு பெண் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"மெலிஞ்சிட்டீர். முதல் பிள்ளை போனதுக்குப் பிறகு ஒரு விசேஷமும் இல்லையோ?"

"இல்லை அக்கா," என்றேன்.