வளைந்த டி

நேற்று மகள் கைபேசியில் ஒரு வீடியோ காட்டினாள். மலைபோல ஒரு பரப்பு சுழன்றது. குறுக்கே ஒரு தகடு வந்து வெட்டியது. வெட்டிய கோட்டின் சரிவுதான் பகுதி வகைக்கெழு என்றது ஒரு குரல். இரண்டே நிமிடம். "ஏம்மா எந்திரிச்சுப் போறே?" என்றாள். அடுப்பில் பால் இருக்கிறது என்றேன். அடுப்பில் ஒன்றுமில்லை.

தொண்ணூறுகளின் நடுவில் கோவையில் எம்.எஸ்ஸி. வேதியியல் சேர்ந்தபோது, எனக்கும் கூடச் சேர்ந்த மல்லிகாவுக்கும் கணக்கு பத்தாம் வகுப்போடு சரி. பிளஸ் டூவில் தாவரவியல், விலங்கியல். தவளையை அறுக்கத் தெரியும், தொகையிடத் தெரியாது. பிசிகல் கெமிஸ்ட்ரி பேராசிரியர் முதல் வாரமே பகுதி வகைக்கெழுவின் குறியான வளைந்த டி போட்டுப் பலகையை நிரப்பினார். சந்தேகம் கேட்டால், "இதெல்லாம் தெரிஞ்சுட்டுத்தானே வரோணும் அம்மணி?"

உக்கடத்துப் பழைய புத்தகக் கடையில் பிளஸ் டூ கணக்குப் புத்தகம் வாங்கினோம். விடைப் பக்கங்கள் கிழிந்திருந்தன. நாங்கள் போட்டது சரியா தப்பா என்று கடைசிவரை தெரியவில்லை.

மல்லிகா பெருந்துறைப் பக்கம். அப்பா தோட்டங்களில் கூலி வேலை. டவுன் பஸ்ஸில் கம்பியைப் பிடித்து நிற்கும்போதும் அவளுக்கு இதே யோசனைதான். "மத்ததையெல்லாம் அப்படியே வெச்சுப்போட்டு ஒண்ணை மட்டும் மாத்துனா என்னாகும்னு கேக்கறாங்க புள்ள. நம்ம ஊட்டுல அப்படி எது மாறும்?" நான் சிரித்தேன். புரியாத இடத்திலெல்லாம் சிரித்துவைப்பது என் வழக்கம்.

பிறகு நிரூபணங்களைச் செய்யுள்போல மனப்பாடம் செய்துவிட்டேன். அவளையும் கெஞ்சினேன்.

"புரியாம எழுதுனா அது எம்பட பரிச்சை இல்ல புள்ள."

ஒவ்வொரு வரியையும் யோசித்து எழுதுவாள். மூன்று மணி நேரத்தில் இரண்டு கேள்விதான் முடியும். நான் தேறினேன். அவள் மூன்று முறை தோற்று, சாயப்பட்டறையில் நிறம் கலந்து பார்க்கும் வேலைக்குப் போய்விட்டாள்.

சில வருடம் கழித்துக் காந்திபுரம் பேருந்து நிலையத்தில் பார்த்தேன். நான் அப்போது வேதியியல் ஆசிரியை. அவள் நகக்கண்ணெல்லாம் நீலம். சௌக்கியமா என்றுகூடக் கேட்கவில்லை. "அந்தக் கணக்கெல்லாம் உனக்குப் புரிஞ்சுதா?"

"ம், புரிஞ்சுது" என்றேன்.

அவள் முகம் மலர்ந்துபோயிற்று. "அப்ப எனக்கும் ஒருக்கா சொல்லிக்குடு. ஞாயித்துக்கெழமை வாரேன், ஊடு எங்க?"

பஸ் கிளம்பப்போகிறது என்று சொல்லி ஏறிக்கொண்டேன். அது அரைமணி நேரம் அங்கேயே நின்றது. அவள்தான் போய்விட்டிருந்தாள்.

வெகுகாலம் கழித்துத் தேடிப் போனேன். பட்டறையை மூடிவிட்டார்கள். பட்டறை ஆட்கள் குடியிருந்த வீட்டு வரிசையை இடித்து குடோன் கட்டியிருந்தார்கள். "எந்த மல்லிகாங்க? அப்பா பேரு சொல்லுங்க" என்றார் காவலாளி.

எனக்குத் தெரியவில்லை. ஒரு நாளும் கேட்டதில்லை.