தீப்பெட்டி ஆபீஸ் பஸ்

எட்டயபுரம் பக்கத்துக் கரிசல் ஊர் ஒன்றில் மகளிர் சங்கத் தலைவியாக இருந்தவள் சொர்ணத்தாய். 1997-இல் ஒரு வியாழக்கிழமைக் கூட்டத்தில், இனிப் பிள்ளைகளைத் தீப்பெட்டி ஆபீசுக்கு வேலைக்கு அனுப்புவதில்லை என்று இருபது பெண்களிடமும் கைநாட்டு வாங்கியதும் அவள்தான்.

மறுநாள் விடியக் கருக்கலில் ஆபீஸ் பஸ் வந்து ஆரன் அடித்தது. ஐந்து வருஷப் பழக்கம். கை தன்பாட்டுக்கு மகள் பூங்கொடிக்குச் சடை பின்னியது, தூக்குச்சட்டியில் சோறு வைத்தது, பஸ்ஸில் ஏற்றியும் விட்டது. திரும்பினால், பக்கத்து வீட்டு முப்பிடாதி தன் மகளோடு நிற்கிறாள். அவளுக்குப் பின்னால் இன்னும் நாலு தாய்மார், நாலு பிள்ளைகள், நாலு தூக்குச்சட்டி.

"என்ன மைனி, நேத்து அனுப்பக் கூடாதுன்னீக. இன்னைக்கு நீங்களே ஏத்தி விடுதீக. நாங்க இப்போ என்ன செய்ய?"

சொர்ணத்தாய்க்கு அப்போதுதான் உறைத்தது. தன்மேலேயே வந்த கோபத்தில் பஸ்ஸுக்குள் ஏறி, மகளைத் தரதரவென்று இழுத்து இறக்கினாள்.

"ஏட்டி, பள்ளிக்கூடத்துக்குப் போ!"

பன்னிரண்டு வயதுப் பூங்கொடி இரண்டாம் வகுப்போடு நின்றவள். தூக்குச்சட்டியைக் கை மாற்றிப் பிடித்துக்கொண்டு கேட்டாள்:

"எத்தனாங் கிளாஸ்லம்மா போய் உக்கார?"